கழுவாத உப்பு

போன வாரம் பெரியவளைப் பன்னிரண்டாவது மாடிக்கும் மேலே, லிஃப்ட் மோட்டார் ஓடுகிற அறைக்குள் நிறுத்திவிட்டு வந்தோம். தம்பியின் கிரீஸ் கையைப் பிடித்துக்கொண்டு அவள் கெஞ்சிய கெஞ்சலுக்கு அந்த மோட்டாரே இரங்கியிருக்கும். லிஃப்ட் மெக்கானிக்கான சின்னவன் இரங்க ஒரு மணி நேரம் ஆனது.

"நீ கூப்பிடறேன்னு வரேன். அந்தம்மாவுக்காக இல்ல. அப்பாவுக்காகவும் இல்ல," என்று சொல்லி அனுப்பினான்.

விஷயம் தெரியாமல் இந்த வாரம்தான் படிக்க உட்கார்ந்தவர்களுக்கு நாலு வரி. அப்பா பஸ் டிப்போவில் முப்பத்தைந்து வருடம் டைம்கீப்பராக இருந்து ஓய்வு பெற்றவர். அம்மா போய் நாலு வருடம் ஆகிறது. இப்போது, அறுபத்தொன்பது வயதில், ஒரு டீச்சரைக் கல்யாணம் செய்துகொள்ளப் போகிறேன் என்று அறிவித்தார். டீச்சரும் ஓய்வு பெற்றவர், தனிக்கட்டை. போன வருடம் கண் ஆஸ்பத்திரி பெஞ்சில் ஏற்பட்ட பழக்கமாம். அன்றைக்கு வீட்டை விட்டு இறங்கிய சின்னவன் ஏழு வாரமாக எட்டிப் பார்க்கவில்லை. வரும் புதன்கிழமை பதிவு. "என் பையன் சாட்சிக் கையெழுத்துப் போடலேன்னா எனக்கு இந்தக் கல்யாணமே வேண்டாம்" என்று அப்பா ஒற்றைக்காலில் நிற்கிறார்.

இந்த இரண்டு பிடிவாதக்காரர்களுக்கும் நடுவில் கிடந்து அல்லாடுவது பெரியவள். மருந்துக்கடையில் சீட்டு படித்து மாத்திரை எடுத்துக் கொடுக்கிற வேலை அவளுக்கு. டாக்டர்களின் கோழிக்கிறுக்கலையே படித்துவிடுகிறவள், தன் வீட்டு மனிதர்களைப் படிக்க மாட்டாளா என்று அவளுக்கு ஒரு நம்பிக்கை. பாவம்.

"தனியா உட்கார்ந்து ஆறிப்போன சோத்தைச் சாப்பிடற மனுஷனுக்கு ஒரு துணை வேண்டாமாடா?" என்று தம்பியிடம் அவள் வாதாடியது கொஞ்சநஞ்சமில்லை. கடைசியில் சின்னவனை இழுத்தது அந்த வாதம் இல்லை. கிளம்புகிற நேரத்தில், "முதல் ஞாயிறுடா. ஆப்பிள் தட்டு செய்யறேன்," என்றாள். அவன் முகம் அப்போதுதான் கொஞ்சம் இளகியது.

மாதத்தின் முதல் ஞாயிறு இந்த வீட்டில் எல்லோரும் கூட வேண்டும். கல்யாணமானவர்கள், ஆகாதவர்கள், கோபத்தில் இருப்பவர்கள் என்று விதிவிலக்கே கிடையாது. மத்தியானச் சாப்பாடு முடிந்ததும் அடுப்பிலிருந்து நேராக மேஜைக்கு ஆப்பிள் தட்டு வரும். மேலே வெண்ணெயும் மாவும் சர்க்கரையும் உதிரியாகப் பொன்னிறத்தில் முறுகியிருக்கும். கரண்டியை விட்டால் அடியில் ஆப்பிள் குழைந்து, பட்டை வாசனையோடு கொதித்துக்கொண்டிருக்கும். அம்மா ஆரம்பித்த பழக்கம். அம்மா போன பிறகு பெரியவள் ஒரு மாதம்கூட விடாமல் செய்துவருகிறாள். சின்னவன் வராத போன மாதம்கூடச் செய்தாள். அன்றைக்கு முக்கால் தட்டு மீந்துபோனது.

அதில் ஒரு சூட்சுமம் உண்டு. வெட்டிய ஆப்பிள் கறுக்காமல் இருக்க உப்புத் தண்ணீரில் போடுவது எல்லோரும் செய்வதுதான். அப்புறம் நல்ல தண்ணீரில் இரண்டு முறை அலசிவிட்டுத்தான் சமைப்பார்கள். அம்மா அலச மாட்டாள். அப்படியே வடித்துத் தட்டில் பரப்பிவிடுவாள். சாப்பிடுகிறவனுக்கு இனிப்பின் அடியில் ஏதோ ஒன்று நாக்கைப் பிடித்து இழுக்கும். என்னவென்று சொல்லத் தெரியாது. சின்னவன் மனைவி தலைகீழாக நின்று பார்த்தாள், அவளுக்கு அந்த ருசி வரவே இல்லை. "யார் கேட்டாலும் சொல்லாதேடி," என்று அம்மா பெரியவளிடம் மட்டும் சொல்லிவைத்திருந்தாள். பெரியவள் தன் கணவனிடம்கூடச் சொன்னதில்லை. அந்த மனிதருக்கு ஞாயிற்றுக்கிழமையும் ஆலையில் ஷிஃப்ட், கேட்கவும் நேரமில்லை.

காலை பத்து மணிக்கே டீச்சர் வந்துவிட்டார். இந்த வீட்டுக்குள் அவர் காலெடுத்து வைப்பது இதுதான் முதல் தடவை. கையில் ஒரு வெண்ணெய்ப் பொட்டலம்.

"எதுக்கு டீச்சர் இதெல்லாம்?"

"வெறுங்கையோட வர முடியுமா? நான் என்ன பண்ணட்டும் சொல்லும்மா. கையைக் கட்டிட்டு உட்கார்ந்தா எனக்குப் பைத்தியம் பிடிச்சிரும்."

கூடத்தில் அம்மாவின் படத்துக்கு முன்னால் டீச்சர் கொஞ்ச நேரம் நின்றார். பிறகு புடவைத் தலைப்பை இழுத்துச் செருகிக்கொண்டு சமையலறைக்கு வந்து, கத்தியை எடுத்து ஆப்பிள் தோல் சீவ ஆரம்பித்துவிட்டார். பெரியவளுக்கு மனசு நிறைந்துவிட்டது. இப்படி ஒரு மனுஷியைப் போய் வேண்டாம் என்கிறானே இந்த முட்டாள் என்று தம்பியை மனசுக்குள் திட்டிக்கொண்டாள்.

பன்னிரண்டு ஆப்பிள். இரண்டு பேரும் சீவி, நடுவைக் குடைந்தெடுத்து, மெல்லிசாக நறுக்கி உப்புத் தண்ணீரில் போட்டார்கள்.

"எம்மா, இந்த மேஜையை ஒரு கை பிடி," என்று கூடத்திலிருந்து அப்பாவின் குரல். "பத்து ஐம்பத்தஞ்சு ஆச்சு. பதினொண்ணரைக்கு வண்டி வந்துரும்."

மகன் வருவதை அவர் இப்படித்தான் சொல்வார். பெரியவள் சிரித்துக்கொண்டே போய் மேஜையை நகர்த்தி, நாற்காலி துடைத்து, தட்டுகளை அடுக்கிவிட்டு வந்தாள். வந்து பார்த்தால் பாத்திரத்தில் ஆப்பிளைக் காணோம். வரிவரியாகத் தட்டில் ஏறியிருந்தது.

"ஐயையோ டீச்சர்! கழுவிட்டீங்களா?"

போச்சு, தம்பி ஒரு வாய் வைத்ததுமே கண்டுபிடித்துவிடுவான் என்று அவளுக்கு உயிரே போய்விட்டது.

"கழுவலையேம்மா," என்றார் டீச்சர், நிமிராமல். "இதைக் கழுவக் கூடாதில்ல?"

"அப்பாடா!"

போன உயிர் திரும்பி வந்த சந்தோஷத்தில் மாவையும் வெண்ணெயையும் எடுத்து விரல்களால் தேய்த்து உதிர்க்க ஆரம்பித்தாள் பெரியவள். சர்க்கரை போட்டாள். பட்டைத் தூள் போட்டாள். பாதி தேய்த்திருப்பாள், கை தானாக நின்றுவிட்டது.

இவருக்கு எப்படித் தெரியும்?

"டீச்சர், கழுவக் கூடாதுன்னு உங்களுக்கு யாரு சொன்னா?"

ஒரு கணம், ஒரே ஒரு கணம்தான், டீச்சரின் கையும் நின்றது. "உங்க அப்பாதாம்மா. பேச்சுவாக்குல ஒரு நாள் சொன்னாரு."

பெரியவள் கையைக்கூடத் துடைக்காமல் கூடத்துக்குப் போனாள். அப்பா ஜன்னல் ஓரம் தெருவைப் பார்த்தபடி நின்றிருந்தார்.

"அப்பா, ஆப்பிள் கறுக்காம இருக்க அம்மா அதை எதுல போடுவாங்க?"

"என்னது?"

"வெட்டின ஆப்பிளை. எதுல போட்டு வைப்பாங்க?"

"எலுமிச்சம்பழச் சாறா? எனக்கென்ன தெரியும்? உங்க அம்மா என்னை அடுப்படிப் பக்கம் விட்டிருக்காளா? ஏன், ஏதாவது குறையுதா? வாங்கிட்டு வரட்டுமா?"

"ஒண்ணும் வேண்டாம்ப்பா."

இதுவாக இருக்கும், அதுவாக இருக்கும் என்று நல்லபடியாக நாலு காரணம் தேடிப் பார்த்தாள். ஒன்றும் ஒட்டவில்லை. திரும்பி வந்து சமையலறைக் கதவைச் சாத்தினாள்.

"அப்பாவுக்கு உப்புத் தண்ணியே தெரியல டீச்சர்."

டீச்சர் அடுப்போரம் கிடந்த ஸ்டூலில் மெதுவாக உட்கார்ந்தார்.

"எங்க அம்மாவை உங்களுக்குத் தெரியுமா?"

"ஒரே ஒரு தடவை பாத்திருக்கேன்."

"எங்க?"

"என் வீட்டுக்கு வந்தாங்க. இருபத்திரெண்டு வருஷம் இருக்கும்."

கண் ஆஸ்பத்திரியும் அந்த பெஞ்சும் பெரியவளின் கண் முன்னாலேயே பொய்யாகிப் போயின. அன்றைக்கு அப்பாவை அழைத்துக்கொண்டு போனதே அவள்தான். டோக்கன் வாங்கிவிட்டுத் திரும்பினால் இரண்டு பேரும் பேசிக்கொண்டிருந்தார்கள். பார்த்ததுமே எப்படி ஒட்டிக்கொண்டார்கள் என்று வீட்டுக்கு வந்து கணவனிடம் சொல்லிச் சிரித்தாளே! காதில் எத்தனை முழம் பூ!

"எதுக்கு வந்தாங்க? சண்டை போடவா?"

"அப்படித்தான் நானும் நினைச்சேன். மத்தியான நேரம். குடையை மடக்கிட்டு உள்ள வந்தாங்க. தண்ணி கொடுத்தேன், தொடல. 'ஞாயித்துக்கிழமை எங்க வீட்டுக்காரர் இங்க என்ன சாப்பிடறார்?'னு கேட்டாங்க." டீச்சர் தன் கையைப் பார்த்துக்கொண்டே பேசினார். "இந்த ஆப்பிள் தட்டுதான்னு சொன்னேன். வீட்லயும் இதையேதான் கேக்கறார், நானும் நாலு விதமா செஞ்சு பாத்துட்டேன், எதையும் தொட மாட்டேங்கறார்னு சொன்னாங்க. 'எனக்குச் செஞ்சு காட்டுங்க'ன்னாங்க."

"செஞ்சு காட்டினீங்களா?"

"காட்டினேன். வேற என்ன பண்ண முடியும் என்னால? பக்கத்துல நின்னு பாத்தாங்க. முதல் தடவை அவருக்குச் செஞ்சப்போ பதட்டத்துல உப்புத் தண்ணியைக் கழுவ மறந்துட்டேன். அவர் நல்லா இருக்குன்னுட்டார். அதுலேருந்து நான் கழுவறதே இல்ல. அதையும் சொன்னேன். தலையை ஆட்டிக்கிட்டாங்க."

"அப்புறம்?"

"போகும்போது வாசல்ல நின்னு ஒண்ணு கேட்டாங்க." டீச்சர் சாத்தியிருந்த கதவைப் பார்த்தார். "'மாசத்துல முதல் ஞாயித்துக்கிழமை மட்டும் அவரை எங்களுக்கு விட்டுடுங்க. பிள்ளைங்களோட உட்கார்ந்து சாப்பிடட்டும். மத்த நாளைப் பத்தி நான் எதுவும் கேக்கல.' அவ்வளவுதான். போயிட்டாங்க."

பெரியவள் கையில் ஒட்டியிருந்த மாவை மேடையில் தேய்த்துத் தேய்த்துத் துடைத்தாள்.

மற்ற ஞாயிறுகளில் அப்பாவுக்கு டூட்டி. சின்ன வயதிலிருந்து கேட்டுக் கேட்டுப் பழகிய வார்த்தை. அந்த டூட்டிக்குக் காலையில் எழுந்து சட்டைக்கு இஸ்திரி போட்டுக் கொடுத்தவள் அம்மா. டிபன் பாக்ஸ் கட்டிக் கொடுத்தவளும் அம்மா. முதல் ஞாயிறு மட்டும் அப்பா வீட்டில் இருப்பார், தட்டை வழித்துச் சாப்பிடுவார், பிள்ளைகள் சுற்றி உட்கார்ந்து சிரிப்பார்கள். அம்மா பரிமாறிக்கொண்டே நிற்பாள். நீ சாப்பிடும்மா என்றால், "எனக்குப் பல்லு கூசும்டி," என்பாள். ஒரு நாள்கூட ஒரு வாய் வைத்ததில்லை. ஐஸ் தண்ணீர் குடித்தால் கூசாத பல், இதற்கு மட்டும் கூசுமா என்று கேட்கத் தோன்றவில்லையே இத்தனை வருடத்தில்!

அந்தப் பண்டத்தைத்தான், அம்மாவின் நினைவு என்று மாதாமாதம் இவள் தன் கையால் செய்திருக்கிறாள். நாலு வருடம். தன் கையை வெட்டிப் போடலாம் போலிருந்தது பெரியவளுக்கு.

"உங்களுக்காக நான் என் தம்பி கால்ல விழாத குறை," என்றாள். "என்னைப் பாத்து சிரிச்சுக்கிட்டிருந்தீங்களா ரெண்டு பேரும்?"

"இல்லம்மா. அப்படிச் சொல்லாதே. நான் செஞ்சது நியாயம்னு சொல்ல வரல. இன்னைக்காவது உங்க ரெண்டு பேர்கிட்டயும் சொல்லிடணும்னுதான் வந்தேன். அவர்தான் புதன்கிழமை முடியட்டும்னாரு."

"முடிஞ்சப்புறம் சொல்லி என்ன பண்றதாம்? கை தட்டணுமா நாங்க?"

அழைப்பு மணி அடித்தது. கூடத்தில் அப்பா தடதடவென்று ஓடுகிற சத்தம். "வா வா! பதினொண்ணு இருபத்தெட்டு! ரெண்டு நிமிஷம் முன்னாடியே வந்துட்டே!" ஏழு வாரத்துக்குப் பிறகு மகனைப் பார்க்கிற அப்பாவின் குரல் அது. அந்தச் சந்தோஷத்தில் ஒரு துளிகூட நடிப்பு இல்லை. அதுதான் பெரியவளுக்குத் தாங்கவில்லை.

"அக்கா! எங்க இருக்கே? இன்னும் வாசனையே வரல?"

பெரியவள் தட்டைப் பார்த்தாள். தூக்கிக் குப்பையில் கவிழ்த்தால் என்ன? கவிழ்க்கலாம். ஏன் என்று தம்பி கேட்பான். சொல்ல வேண்டும். சொன்னால் இந்த நிமிஷமே செருப்பை மாட்டிக்கொண்டு இறங்குவான், அப்பா செத்தால்கூட வர மாட்டான். சொல்லாவிட்டால் அம்மாவுக்குத் துரோகம். எந்தப் பக்கம் திரும்பினாலும் யாரையாவது மிதித்தாக வேண்டும்.

மாவை மேலே தூவினாள். தட்டை ஓவன் அடுப்புக்குள் தள்ளிக் கதவை அறைந்து சாத்தினாள்.

சாப்பாடு ஒரு மாதிரியாக நடந்தது. சின்னவன் மனைவியை அழைத்து வரவில்லை. நிலவரம் பார்த்துவிட்டுக் கிளம்புகிற உத்தேசம். டீச்சருக்கு ஒரு தலையசைப்பு, அப்பாவுக்கு ஒற்றை வார்த்தைப் பதில்கள். அப்பா லிஃப்ட் பற்றிக் கேட்டார். பெல்ட் பற்றிக் கேட்டார். வாய் ஓயவில்லை அவருக்கு.

தம்பி கை கழுவப் போன இடைவெளியில் அப்பா பெரியவள் பக்கம் குனிந்தார். மகளின் முகத்தை அவர் சாப்பிடும்போதே கவனித்திருக்க வேண்டும்.

"டீச்சர் ஏதாவது சொன்னாளா?"

"எல்லாம் சொன்னாங்க."

டைம்கீப்பரின் முகத்தில் ரத்தமே இல்லை. "இன்னைக்கு வேண்டாம்மா," என்றார் மெதுவாக. "அவன் வந்திருக்கான்."

"அம்மா மனசு நோகும்னு நீங்க ஒரு நாளாவது 'இன்னைக்கு வேண்டாம்'னு நினைச்சிருக்கீங்களாப்பா?"

சின்னவன் கையை உதறிக்கொண்டே திரும்பி வந்தான்.

ஆப்பிள் தட்டு மேஜைக்கு வந்தது. ஓரமெல்லாம் கொதித்துப் பொங்கி, நடுவில் பொன்னாக முறுகி, அம்மா செய்தது போலவே அச்சு அசலாக வந்திருந்தது. பாழாய்ப்போனது இன்றைக்காவது தீய்ந்து தொலைத்திருக்கக் கூடாதா?

பெரியவள் கிண்ணங்களில் போட்டுக் கொடுத்தாள். சின்னவன் ஊதி ஊதி ஒரு வாய் வைத்தான். இன்னொரு வாய். மூன்றாவது வாய்க்குக் கரண்டியைத் தூக்கியவன், தூக்கியபடியே தலையைக் குனிந்துகொண்டான்.

"என்னடா?" என்றார் அப்பா.

"ஒண்ணுமில்ல. சூடு." கண்ணைத் துடைத்துக்கொண்டான். "அம்மா இங்கயே நிக்கற மாதிரி இருக்குக்கா."

டீச்சர் தன் கிண்ணத்தைத் தொடவே இல்லை.

"ரொம்பப் பேசிட்டேன் அன்னைக்கு," என்றான் சின்னவன், யாரையும் பார்க்காமல். "வீட்ல ஒருத்தர் இல்லாத கஷ்டம் எனக்கென்ன தெரியும்? நான் எங்கயோ லிஃப்ட்டுக்குள்ள தொங்கிட்டிருக்கேன். அக்காதான் எல்லாத்தையும் பாக்கறா. புதன்கிழமை எத்தனை மணிக்கு?"

"பத்தரை," என்றார் அப்பா. "பத்தரைக்குடா."

"வரேன். கையெழுத்துப் போடறேன். ஆனா ஒரே ஒரு கேள்வி. அதுக்கு மட்டும் பதில் வேணும்." சின்னவன் அப்பாவின் பக்கம் திரும்பவில்லை, டீச்சரின் பக்கமும் திரும்பவில்லை. அக்காவை நேராகப் பார்த்தான். "அம்மா இருந்தப்போ அப்பாவுக்கு இவங்களைத் தெரியுமா? டிப்போல பழைய ஆளு ஒருத்தர் ஏதோ உளறினார். எனக்கு ராத்திரியெல்லாம் தூக்கமில்ல. நீ சொல்லுக்கா."

பெரியவளின் கையில் பரிமாறுகிற கரண்டி இருந்தது. எதிரே அப்பா. நாற்காலியின் கைப்பிடியை அவர் இறுக்கிப் பிடித்திருந்தது இங்கிருந்தே தெரிந்தது. ஏழு வாரமாக எதற்காக மாடி ஏறி இறங்கினாளோ, அது இதோ கைக்கு எட்டிவிட்டது. ஒரு வார்த்தை போதும். இந்த வீடு ஒன்றாக இருக்கும். அம்மா கேட்டதும் அதைத்தானே?

"இல்லடா," என்றாள். "போன வருஷம்தான். நான்தான் கூட இருந்தேனே."

குரல் பிசிறவே இல்லை. இவ்வளவு சுலபமா பொய் என்று அவளுக்கே ஆச்சரியமாக இருந்தது. அருவருப்பாகவும் இருந்தது.

சின்னவன் நீளமாக மூச்சு விட்டான். இரண்டு மாதத்தில் முதல் தடவையாகச் சிரித்தான்.

"போதும்க்கா. அப்பா சத்தியம் பண்ணியிருந்தாக்கூட நான் நம்பியிருக்க மாட்டேன். நீ என்கிட்ட பொய் சொன்னதே இல்ல."

கிண்ணத்தை நீட்டினான். "இன்னும் கொஞ்சம் போடு."

அவள் போட்டாள்.

அப்போது டீச்சர் தன் நாற்காலியைப் பின்னால் தள்ளி எழுந்தார். அப்பா சட்டென்று அவர் கையைப் பிடிக்கப் பார்த்தார், பிடி கிடைக்கவில்லை.

"தம்பி," என்றார் டீச்சர், "உங்க அக்கா சொன்னது நிஜமில்ல."